வாக்கியம் எங்கே முடிகிறது? போர்ச்சுகீசிய இலக்கணத்தின் மூன்று அளவுகோல்கள்

இலக்கண நூல்களை விதிகளின் தொகுப்பாகவே நாம் படித்துப் பழகியிருக்கிறோம். தேர்வுக்காக மனப்பாடம் செய்து, தேர்வு முடிந்த மறுநாளே மறந்துபோகும் சூத்திரங்கள் அவை. ஆனால் எந்த மொழியின் இலக்கணத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. அதற்குள் சமயமும் அரசும் பள்ளிக்கூடமும் இலக்கியமும் ஒன்றோடொன்று உரசிக்கொண்டே இருக்கின்றன. 'வாக்கியம் என்பது எது?' என்ற எளிய வினாவோடு போர்ச்சுகீசிய மொழியின் இலக்கண வரலாற்றுக்குள் நுழைந்தால் அந்த உரசல் நன்றாகவே தென்படுகிறது. நாம் பொதுவாக 'வாக்கியம்' என்ற ஒரு சொல்லால் சுட்டிவிடுவதற்கு அந்த மொழியில் மூன்று பெயர்கள் வழங்குகின்றன: 'ஃப்ராஸெ', 'ஒரஸாவ்', 'பெரீயொடு'. மூன்றும் ஒன்றல்ல. மூன்றும் வெவ்வேறு துறைகளில் பிறந்து, ஒரே வகுப்பறைக்கு வந்து சேர்ந்தவை. ஒரு மனிதன் சொன்னது முழுமையான பேச்சா இல்லையா என்பதை ஒவ்வொன்றும் வெவ்வேறு கோலால் அளக்கிறது.

முதலில் வரையறைகளைப் பார்த்துவிடுவோம். 'ஃப்ராஸெ' என்பது, சொல்லப்பட்ட சூழலில் முழுப்பொருள் தரும் எந்தக் கூற்றும். அதற்கு வினைச்சொல் வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. "தீ!" என்று ஒருவன் தெருவில் கூவினால் அது ஒரு ஃப்ராஸெ. "அமைதி" என்று எழுதித் தொங்கவிட்ட மருத்துவமனைப் பலகையும் ஒரு ஃப்ராஸெ. 'ஒரஸாவ்' அப்படியன்று. அது வினையைச் சுற்றிக் கட்டப்பட்டது. துணைவினையோடு சேர்ந்து வருவதை ஒன்றாகக் கொண்டு எண்ணினால், எத்தனை வினைகளோ அத்தனை ஒரஸாவ்கள். ஆனால் ஓர் ஒரஸாவ் தனித்து நின்று முழுப்பொருள் தரவேண்டும் என்பதில்லை; இன்னொன்றைச் சார்ந்தும் நிற்கலாம். மூன்றாவதாகிய 'பெரீயொடு', ஓர் ஒரஸாவாலோ பல ஒரஸாவ்களாலோ அமைந்து, எழுத்தில் முற்றுப்புள்ளி, வினாக்குறி, வியப்புக்குறி போன்ற ஒன்றில் முடிவது. ஒரே ஒரஸாவ் இருந்தால் தனி; பல இருந்தால் கூட்டு. இவை மூன்றுக்கும் அடியில் வெறும் சொற்கூட்டம் ஒன்று உண்டு. "என் பாட்டியின் பழைய வீடு" என்பதில் சொற்கள் ஒரு தலைமைச் சொல்லைச் சுற்றிக் கூடியிருக்கின்றன. ஆனால் வீட்டைப் பற்றி எதுவும் சொல்லப்படவில்லை. இதைப் பிரேசில் நாட்டார் 'சின்டாக்மா' என்பார்கள். போர்ச்சுகல் பள்ளிகளில் இன்று 'க்ரூப்பு', அதாவது குழு, என்று பெயர்.

ஓர் எடுத்துக்காட்டு இதைத் தெளிவாக்கும். "ஐயோ! மழை வந்துவிட்டது என்றும் மாடுகள் திரும்பவில்லை என்றும் அம்மா சொன்னாள்." இதைப் போர்ச்சுகீசியத்தில் பெயர்த்து எண்ணினால் ஃப்ராஸெ இரண்டு: "ஐயோ!" ஒன்று, எஞ்சியது முழுவதும் மற்றொன்று. ஒரஸாவ் மூன்று: மழை வந்தது, மாடுகள் திரும்பாதது, அம்மா சொன்னது. பெரீயொடு ஒன்றுதான், ஏனெனில் "ஐயோ!"வில் வினை இல்லை; வினை இல்லாதது ஒரஸாவ் ஆகாது, ஒரஸாவ் இல்லாதது பெரீயொடு ஆகாது. ஒரே பேச்சு, எண்ணிக்கை மட்டும் இரண்டு, மூன்று, ஒன்று. ஆங்கிலத்தின் வழியாக இந்த மொழிக்கு வருவோர் இங்கே வழுக்கி விழுவதுண்டு. ஆங்கிலத்தின் 'ஃப்ரேஸ்' முழுமை பெறாத சொற்கூட்டத்தைக் குறிக்க, அதே கிரேக்க வேரிலிருந்து வந்த ஃப்ராஸெ இங்கே முழுக்கூற்றைக் குறிக்கிறது.

இந்தப் பெயர்கள் எங்கிருந்து வந்தன என்று பார்ப்பதில்தான் சுவை தொடங்குகிறது. 'ஒரஸாவ்' இலத்தீனின் 'ஒராட்டியோ'விலிருந்து வந்தது. பேச்சு, சொற்பொழிவு, வாக்கியம் என்றெல்லாம் பொருள்பட்ட அந்தச் சொல்லுக்குத் திருச்சபையின் இலத்தீனில் 'மன்றாட்டு' என்ற பொருளும் ஏறியது. இன்றும் போர்ச்சுகீசியத்தில் ஒரஸாவ் என்றால் செபம். இலக்கண வகுப்பில் ஒரஸாவ் என்றால் வினையைக் கொண்ட தொடர். 6-ஆம் நூற்றாண்டில் இலத்தீன் இலக்கணம் எழுதிய பிரிஸ்கியன், சொற்கள் முறையாக இயைந்து முழுக்கருத்தைக் காட்டுவதே ஒராட்டியோ என்று வரையறுத்தார். ஐரோப்பிய இலக்கண மரபு முழுவதும் அந்த வரையறையின் நிழலிலேயே நெடுங்காலம் நடந்தது. 'பெரீயொடு' கிரேக்கச் சொல். சுற்றிவருதல் என்று பொருள். அது இலக்கணத்தில் பிறந்ததன்று, மேடையில் பிறந்தது. தொடக்கமும் முடிவும் தனக்குள்ளேயே கொண்டு, கேட்பவர் ஒரே பார்வையில் பிடித்துக்கொள்ளும் அளவுடைய கூற்று என்று அரிஸ்டாட்டில் தம் அணியியல் நூலில் அதைப் பற்றிப் பேசினார். 'ஃப்ராஸெ'யும் கிரேக்கமே; சொல்லும் முறை, மொழிநடை என்பது அதன் பழைய பொருள். ஆக, கருத்துக்கு ஒன்று, மூச்சுக்கு ஒன்று, சொல்லும் பாங்குக்கு ஒன்று என மூன்று சொற்கள்.

போர்ச்சுகீசிய மொழியின் முதல் இலக்கணத்தை 1536-இல் வெளியிட்டவர் ஃபெர்னாவ் டி ஒலிவெய்ரா. தொமினிக்கன் சபையிலிருந்து வெளியேறியவர். கடற்போரைப் பற்றியும் கப்பல் கட்டுவதைப் பற்றியும் நூல் எழுதியவர். சமய விசாரணை மன்றத்தின் சிறையைக் கண்டவர். வாயிலிருந்து பிறக்கும் ஒலிகளில் அவருக்கு இருந்த ஈடுபாடு வியப்பூட்டுவது. ஆனால் தொடரமைப்புக்கு அவருடைய நூலில் மிகச் சிறிய இடமே உண்டு. நான்கு ஆண்டுகள் கழித்து, 1540-இல், ஜோவாவ் டி பாரோஸ் தம் இலக்கணத்தை வெளியிட்டார். இந்திய வாணிபத்தை நிர்வகித்த அரசு அலுவலகத்தில் உயர்பதவி வகித்தவர். ஆசியாவில் போர்ச்சுகீசியரின் செயல்களைப் பல தொகுதிகளாக எழுதிய வரலாற்றாசிரியரும் அவரே. இலத்தீன் இலக்கணத்தின் கூறுகளை அப்படியே எடுத்துத் தம் தாய்மொழிக்குச் சட்டையாக அணிவித்தார். சொல்வகைகளை அவர் 'ஒரஸாவின் உறுப்புகள்' என்றே அழைத்தார். அதற்கு முந்தைய ஆண்டு அவர் வெளியிட்ட அரிச்சுவடியிலோ, எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்ற சிறுவன் அடுத்துப் படித்தது செபங்களை. இரண்டு பொருளிலும் ஒரஸாவ்தான் அவனுடைய முதல் பாடம்.

இந்த இடத்தில் தமிழும் வரலாற்றுக்குள் வருகிறது. முத்துக்குளித்துறையில் பணியாற்றிய ஹென்றிக்கே ஹென்றிக்கசு அடிகளார், 1578-இல் கொல்லத்தில் அச்சான 'தம்பிரான் வணக்கம்' வழியாக நமக்கு அறிமுகமானவர். அவர் 16-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் போர்ச்சுகீசிய மொழியில் ஒரு தமிழ் இலக்கணம் எழுதினார். ஐரோப்பியர் ஒருவர் எழுதிக் கிடைத்திருக்கும் தமிழ் இலக்கணங்களில் மிகப் பழமையானது இதுவே. அவர் காலத்தில் அச்சேறாத அதன் கையெழுத்துப்படி லிஸ்பன் தேசிய நூலகத்தில் இருக்கிறது. இலத்தீன் இலக்கணம் அறியாதவர்கள் பாரோஸின் போர்ச்சுகீசிய இலக்கணத்தைப் பார்த்துக்கொள்ளட்டும் என்று அவர் அதில் வழிகாட்டுகிறார். அச்சேறிப் பத்துப் பதினைந்து ஆண்டுகளே ஆன ஓர் இலக்கணம், அதற்குள் தமிழுக்குச் செல்லும் வாயிலாகிவிட்டது.

ஆனால் வாயிலின் அளவு வீட்டுக்குப் பொருந்த வேண்டுமே. "அவர் ஆசிரியர்" என்பது தமிழில் பழுதற்ற வாக்கியம். எழுவாய் உண்டு, பெயர்ப் பயனிலை உண்டு. வினை கிடையாது. போர்ச்சுகீசியத்தில் இதையே சொல்ல 'இருத்தல்' வினை ஒன்று நடுவில் வந்தாக வேண்டும். வினையைக் கொண்டே ஒரஸாவை எண்ணும் அளவுகோலைத் தமிழின் மேல் வைத்தால், நம் அன்றாடப் பேச்சில் பாதி 'ஒரஸாவ் அல்லாத ஃப்ராஸெ' ஆகிவிடும். மறுபுறம், "வந்து, பார்த்து, பேசிவிட்டுப் போனான்" என்பதில் நாம் காண்பது எச்சங்கள் தொடர ஒரு முற்று. போர்ச்சுகீசிய இலக்கணம் இங்கே நான்கு வினைகளை எண்ணி, நான்கு ஒரஸாவ்கள் என்று சொல்லிவிடும்; முற்றுப்பெறாத வினைகளால் ஆனவற்றைக் 'குறுக்கப்பட்ட ஒரஸாவ்' என்று வகைப்படுத்தும். குறையும் முழுமையும் பேச்சில் மட்டும் இல்லை. அளக்கும் கோலிலும் இருக்கின்றன. பேச்சின் இயல்பில் முன்பே இருந்த கோடுகளை இலக்கணக்காரர்கள் கண்டெடுத்தார்கள் என்று நாம் எண்ணிக்கொள்கிறோம். அவர்கள் கோடு கிழித்தும் இருக்கிறார்கள்.

இனி போர்ச்சுகலுக்கே திரும்புவோம். இலக்கணம் வினையைத் தேடிக்கொண்டிருந்த அதே நூற்றாண்டில், கவிஞர்கள் பெரீயொடுவை நீட்டிக்கொண்டிருந்தார்கள். இந்தியாவில் ஆண்டுக்கணக்கில் வாழ்ந்து திரும்பிய லூயிஸ் டி கமோயிஸ் 1572-இல் வெளியிட்ட 'லூசியதாஸ்' காப்பியத்தின் தொடக்கம் இதற்கு நல்ல சான்று. எட்டடிச் செய்யுள்கள் இரண்டு சேர்ந்து ஒரே பெரீயொடு. வீரர்கள், அவர்கள் கடந்த கடல்கள், மன்னர்களின் நினைவுகள் என்று செயப்படுபொருள்களே அடுக்கடுக்காக முன்னால் வருகின்றன. ஒவ்வொன்றையும் சார்ந்து துணை ஒரஸாவ்கள் தொங்குகின்றன. இவற்றையெல்லாம் தாங்கும் தலைமை வினை வருவது 15-ஆம் அடியில். அதுவரை வாசகன் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டும். பயனிலையைக் கடைசியில் வைத்தே பேசும் நமக்கு இந்த அமைப்பு அந்நியமாகத் தோன்றாது. வினையை நடுவில் வைத்துப் பேசும் மொழியிலோ அது இலத்தீன் காப்பிய மரபிலிருந்து வலிந்து வரவழைக்கப்பட்ட ஓர் உயரம்.

அடுத்த நூற்றாண்டில் அந்த உயரம் கோயில் மேடைக்கு வந்தது. இயேசு சபைத் துறவி அந்தோனியு வியெய்ரா (1608–1697) பிரேசிலிலும் லிஸ்பனிலும் ஆற்றிய மறையுரைகளில் பெரீயொடு ஒரு கட்டடமாகவே எழும்புகிறது. கேள்வி, மறுப்பு, எதிர்க்கேள்வி, முடிவு என்று ஒரஸாவ்கள் தூண்களைப் போல எதிரெதிரே நிற்கும். 1654-இல் மரன்யாவ் பகுதியில் அவர் ஆற்றிய உரை மனிதர்களை நோக்கியதன்று, மீன்களை நோக்கியது. பூர்வகுடிகளை அடிமைகளாக்கிய குடியேறிகள் செவிகொடுக்க மறுத்ததால், பெரிய மீன் சிறிய மீனை விழுங்கும் கதையை மீன்களிடமே சொன்னார். கேட்பவர் தப்பிக்க வழியில்லாமல் சுற்றிவளைக்கும் கூற்று என்ற பழைய கிரேக்கப் பொருள் அங்கே உயிரோடு இருந்தது.

இதற்குள் ஐரோப்பாவில் இலக்கணத்தின் காற்று திசை மாறியிருந்தது. பிரான்சின் போர்-ரொயால் மடத்தைச் சார்ந்த அறிஞர்கள் 1660-இல் வெளியிட்ட பொது இலக்கணம், வாக்கியத்தை மனத்தின் தீர்ப்பாகக் கண்டது. ஒன்றைப் பற்றி ஒன்றை உறுதிப்படுத்துவதே பேச்சு. எழுவாய் ஒரு கருத்து, பயனிலை ஒரு கருத்து, அவற்றை இணைக்கும் 'ஆகும்' என்ற வினையே மனத்தின் செயல். இந்தக் கொள்கையைப் போர்ச்சுகீசிய மொழிக்கு முழுமையாகப் பொருத்திக் காட்டியவர் கொயிம்ப்ரா நகரில் அணியியல் கற்பித்த ஜெரோனிமு சொவாரிஸ் பார்போசா. அவர் 1816-இல் மறைந்த பிறகு, அவருடைய 'தத்துவ இலக்கணம்' 1822-இல் லிஸ்பன் அறிவியல் கழகத்தால் வெளியிடப்பட்டது. 'நேசிக்கிறேன்' என்பதற்குள் 'நேசிப்பவனாக இருக்கிறேன்' என்பது ஒளிந்திருக்கிறது என்பது அவர் பகுப்பு. எல்லா வினைகளுக்குள்ளும் உண்மையில் ஒரே வினைதான், இருத்தல் வினை. மேடையில் மூச்சை அளந்த பெரீயொடு இப்போது தலைமைத் தீர்ப்பும் சார்புத் தீர்ப்புகளும் கூடிய தருக்க அமைப்பாகியது.

தருக்கம் நேர்த்தியானதுதான். மழை வந்து அதைக் குழப்பியது. போர்ச்சுகீசியத்தில் மழை பெய்கிறது என்பதற்கு 'ஷொவெ' என்ற ஒற்றை வினை போதும். யார் பெய்கிறார்? எது பெய்கிறது? தீர்ப்பு என்றால் எதைப் பற்றிய தீர்ப்பு? எழுவாயில்லாத வினையே கிடையாது என்று ஸ்பானிய அறிஞர் ஃபிரான்சிஸ்கோ சான்செஸ் 1587-இல் தம் 'மினெர்வா'வில் வாதிட்டிருந்தார்; மழைவினைக்குள் 'மழை' என்ற பெயரே மறைந்து நிற்கிறது என்பது அவர் விளக்கம். தமிழில் நாம் வெளிப்படையாகச் சொல்வதை அவர் அங்கே மறைபொருளாக வருவித்துக்கொண்டார். இந்த இழுபறி நெடுநாள் நீடித்து, கடைசியில் 'எழுவாய் இல்லாத ஒரஸாவ்' என்ற ஒரு வகையே ஏற்கப்பட்டது. எழுவாய் பயனிலை இரண்டையும் இன்றியமையா உறுப்புகள் என்று சொல்லிவிட்டு, அவற்றில் ஒன்று இல்லாததற்கும் ஒரு பெயர் வைக்க வேண்டிவந்தது. மழை நிற்கவில்லை, இலக்கணம்தான் இடம் கொடுத்தது.

இன்னொரு சிக்கலும் உண்டு; அது இந்த மொழிக்கே உரிய அழகு. 'பேச' என்பது போன்ற வினையெச்சத்துக்குப் போர்ச்சுகீசியத்தில் ஆளைக் காட்டும் விகுதி சேரும். 'நாம் பேசுவதற்கு', 'அவர்கள் பேசுவதற்கு' என்பவற்றை வேறுபடுத்த 'நாம்', 'அவர்கள்' என்று சொல்லத் தேவையில்லை; எச்சத்தின் விகுதியே காட்டிவிடும். கலீசிய மொழிக்கும் இந்தப் பண்பு உண்டு. அண்டை மொழியாகிய ஸ்பானியத்தில் கிடையாது. முற்றுப்பெறாத வினை, ஆனால் ஆளைச் சுட்டும் வினை. இது முழு ஒரஸாவா, குறுக்கப்பட்டதா? எப்போது விகுதி சேர்ப்பது, எப்போது விடுவது? சொவாரிஸ் பார்போசா விதி வகுத்தார். 19-ஆம் நூற்றாண்டின் ஜெர்மானிய அறிஞர் ஃபிரீட்ரிக் டீட்ஸ் வேறொரு விதி வகுத்தார். எழுத்தாளர்கள் செவியின் விருப்பப்படியும் எழுதிவந்தார்கள்.

இதுவரை அறிஞர்களின் வாதம். வகுப்பறைக்குள் இது நுழைந்ததோ அரசாணையின் வழியாக. போர்ச்சுகலின் அதிகாரம் மிக்க அமைச்சர் பொம்பால் 1759-இல் இயேசு சபையை நாட்டைவிட்டு வெளியேற்றினார். அதற்கு ஈராண்டு முன்னர், 1757-இல், வட பிரேசிலின் பூர்வகுடிகளுக்கென விதிக்கப்பட்ட நிர்வாக ஆணை, அவர்கள் தம் மொழிகளை விட்டுப் போர்ச்சுகீசியம் பேச வேண்டும் என்று வற்புறுத்தியது. 1770-இல் வந்த மற்றோர் ஆணை, இலத்தீன் கற்பிக்கும் ஆசிரியர்கள் முதல் ஆறு மாதம் வரை தாய்மொழி இலக்கணம் கற்பிக்க வேண்டும் என்றும், அதற்கு ரெயிஸ் லொபாத்து அந்த ஆண்டு வெளியிட்ட நூலையே பயன்படுத்த வேண்டும் என்றும் சொன்னது. ஒரு பக்கம் மக்கள் மொழிக்குக் கிடைத்த மதிப்பு. மறுபக்கம் வேறு மக்களின் மொழிகள் மேல் விழுந்த பூட்டு. இரண்டும் ஒரே அரசின் கையெழுத்து.

20-ஆம் நூற்றாண்டில் பிரச்சினை வேறு வடிவம் எடுத்தது. ஆளுக்கொரு கலைச்சொல், ஒரே தொடரை இரண்டு ஆசிரியர்கள் இரண்டு பெயர்களால் அழைக்க, தேர்வெழுதும் மாணவன் நடுவில் மாட்டிக்கொண்டான். பிரேசில் 1959 ஜனவரியில் ஒரே கலைச்சொல் பட்டியலை அரசாணையாக வெளியிட்டது. அதை உருவாக்கிய குழுவில் அந்தெனோர் நாசென்டிஸ், ரோஷா லீமா, செல்சு குன்யா போன்ற பேரறிஞர்கள் இருந்தார்கள். பட்டியல் பெயர்களைக் கொடுத்தது, வரையறைகளைக் கொடுக்கவில்லை. போர்ச்சுகல் 1967-இல் தன் பட்டியலை வெளியிட்டது. 2004-இல் மொழியியலை ஒட்டிய புதிய பட்டியல் வந்து பெரும் சர்ச்சையைக் கிளப்ப, அது கைவிடப்பட்டு, 2008-இல் திருத்திய கலைச்சொல் அகராதி வந்தது. அதில் தனி ஃப்ராஸெ, கூட்டு ஃப்ராஸெ என்ற பாகுபாடே முதன்மை பெற்றது. பிரேசில் பள்ளிகளில் பெரீயொடு வேரூன்றி நிற்கிறது. ஒரே மொழி, கடலுக்கு இப்பக்கம் ஒரு பெயர், அப்பக்கம் ஒரு பெயர்.

இந்தப் பெயர்களுக்காகப் பலியானது கவிதை. 'ஒரஸாவ் பிரித்தல்' என்பது போர்ச்சுகல் பள்ளிகளில் பல தலைமுறைகள் செய்த பயிற்சி. அதற்கு எடுத்துக்கொண்ட உடல் பெரும்பாலும் கமோயிஸின் காப்பியம். 15-ஆம் அடி வரை மூச்சைப் பிடித்துக் கேட்க வேண்டிய தொடக்கத்தை, தலைமை எது, சார்பு எது, எந்த வகைச் சார்பு என்று துண்டு போட்டு அட்டவணையில் இட்டார்கள். காப்பியத்தை வெறுக்கக் கற்றுக்கொடுத்த வழி அது என்று அங்கே படித்தவர்கள் பின்னாளில் குறைப்பட்டுக்கொண்டார்கள். நம்முடைய வகுப்பறைகளில் சங்கப் பாடல்களைப் பதம் பிரித்து, இலக்கணக் குறிப்பு எழுதவைத்து, பாடலைக் கேட்கவிடாமல் செய்கிறவர்களான நமக்கு இந்தக் குறை புரியாததன்று.

ஆனால் அட்டவணைக்கு வெளியே நின்றவர்களின் நிலை அதைவிடக் கடுமையானது. 1911-இல் போர்ச்சுகல் மக்களில் நூற்றுக்கு 70 பேருக்கு மேல் எழுத்தறியாதவர்கள். 1970-இல்கூட ஏறத்தாழ நான்கில் ஒருவர். முற்றுப்புள்ளியைக் காணாமலேயே பிறந்து, பேசி, மறைந்த மக்கள் அவர்கள். அவர்கள் பேச்சுக்குப் பெரீயொடு எங்கே? பிரேசிலின் கிராசிலியானு ராமோஸ் 1938-இல் எழுதிய 'வீடாஸ் செக்காஸ்' நாவல் இந்த இடத்தைத் தொடுகிறது. வறட்சியால் அலையும் மாட்டுக்காரன் ஃபபியானுவிடம் இருப்பவை சில விளிகள், சில ஓசைகள், முடிக்கப்படாத சில தொடர்கள். சிப்பாய் ஒருவன் அவனைச் சூதாட்டத்துக்கு இழுத்து, வம்புக்கிழுத்து, சிறையில் தள்ளுகிறான். நடந்ததைக் கோவையாக எடுத்துச் சொல்ல அவனால் முடியவில்லை. சொல்லத் தெரியாததே அவன் குற்றமாகிறது. வினையோடு கூடிய ஒரஸாவ் ஒருவனுக்கு வாய்க்காதபோது அதிகாரம் அவனை என்ன செய்யும் என்பதை எந்த இலக்கண நூலையும்விடத் தெளிவாக அந்த நாவல் காட்டுகிறது. அவனுக்குள் ஓடும் எண்ணங்களை, ஆசிரியரின் குரலோடு அவன் குரலைக் கலந்து, குறுகிய தொடர்களில் ராமோஸ் எழுதினார். அவரும் 1936-இல் விசாரணையின்றிச் சிறைவைக்கப்பட்டவர்.

அதன் பின்னர் வந்த படைப்பாளிகள் மூன்று அளவுகோல்களையும் வெளிப்படையாகவே சோதித்தார்கள். குய்மராயிஸ் ரோசாவின் 'கிராந்தி செர்தாவ்: வெரேடாஸ்' (1956), ஒன்றுமில்லை என்பது போன்ற பொருளுடைய ஒற்றைச் சொல்லோடு தொடங்குகிறது. வினை இல்லை, ஒரஸாவ் இல்லை, ஃப்ராஸெ மட்டும் இருக்கிறது. முடிவில் எழுத்துக்குப் பதிலாக முடிவிலிக் குறி நிற்கிறது. கிளாரிஸ் லிஸ்பெக்டர் 1969-இல் வெளியிட்ட நாவல் ஒன்று காற்புள்ளியில் தொடங்கி முக்காற்புள்ளியில் முடிகிறது. நூல் தொடங்கும் முன்பே பேச்சு தொடங்கிவிட்டது. நூல் முடிந்த பிறகும் ஏதோ சொல்லப்படவிருக்கிறது. பெரிய எழுத்திலிருந்து முற்றுப்புள்ளி வரை என்ற வரையறைக்கு அதைவிட அமைதியான மறுப்பு இருக்க முடியாது.

எல்லாவற்றுக்கும் மேலாக ஜொசே சரமாகோ (1922–2010). எழுத்தறியாத தாத்தா பாட்டியின் ஊரில் பிறந்தவர். அவருடைய 'லெவாந்தாது து ஷாவ்' (1980) நாவல், தெற்கே அலென்டேஜு நிலப்பரப்பில் பெருநிலக்கிழார்களிடம் கூலிவேலை செய்த ஒரு குடும்பத்தின் கதை. அதற்காக அவர் அந்தத் தொழிலாளர்களோடு தங்கி அவர்கள் கதைகளைக் கேட்டறிந்தார். முதல் இருபதுக்கு மேற்பட்ட பக்கங்களை எல்லாரையும் போல, மேற்கோள் குறிகளோடும் முறையான நிறுத்தக்குறிகளோடும் எழுதினார். பிறகு ஓரிடத்தில், தாமே திட்டமிடாமல், எழுத்து மாறிப்போனது என்று அவர் சொல்லியிருக்கிறார். கேள்வியும் பதிலும் காற்புள்ளியால் மட்டும் பிரிக்கப்பட்டு ஒரே ஓட்டமாக ஓடத் தொடங்கின. ஆள் மாறுவதைக் காட்டப் பெரிய எழுத்து ஒன்றே அடையாளம். தம்மிடம் வாய்மொழியாகச் சொன்னவர்களுக்கே கதையைத் திருப்பிச் சொல்வது போல அமைந்தது அது. பின்னர் தொடக்கத்துக்குத் திரும்பி அந்தப் பக்கங்களையும் அவ்வாறே மாற்றினார். 1998-இல் நோபல் பரிசு பெற்ற அவர் உலகறியும் நடையைக் கண்டடைந்தது அங்கேதான். பெரீயொடு என்ற மேடைச்சொல்லை, எழுத்தறியாத கூலித்தொழிலாளியின் மூச்சுக்கு அவர் திருப்பிக் கொடுத்தார். அந்த நெடுந்தொடரில் ஒரஸாவ்களை எண்ணலாம். எண்ணி முடித்த பிறகும் அதில் எத்தனை குரல்கள் என்று நமக்குத் தெரியாது.

தமிழ் ஓலைச்சுவடிகளில் முற்றுப்புள்ளி இல்லை என்பதை நாம் அறிவோம். எங்கே முடிகிறது என்பதை முற்று வினையும், படிப்பவரின் குரலும், உரையாசிரியரின் அறிவும் காட்டின. நிறுத்தக்குறிகள் ஐரோப்பியரின் அச்சுப் பண்பாட்டோடு நம்மிடம் வந்து, இன்று இயல்பாகிவிட்டன. அவை வேண்டாம் என்று நாம் சொல்லப்போவதில்லை. பள்ளிப் பிள்ளை அவற்றைக் கற்கத்தான் வேண்டும். ஒரஸாவைப் பிரிக்கக் கற்ற மாணவனுக்குத்தான் சரமாகோ எதைக் கலைத்தார் என்பதும் புரியும். ஆனால் ஒரு கூற்றை 'முழுமையற்றது' என்று சிவப்பு மையால் சுழிப்பதற்கு முன், எந்தக் கோலால் அளக்கிறோம் என்று கேட்டுக்கொள்ளும் பொறுப்பு நமக்கு உண்டு. வினையைத் தேடுகிறோமா, புள்ளியைத் தேடுகிறோமா, பொருளைத் தேடுகிறோமா? "தீ!" என்று கூவுகிறவனிடம் எழுவாய் எங்கே என்று எந்த இலக்கணக்காரரும் கேட்பதில்லை, ஓடிப்போய்த் தண்ணீர் எடுக்கிறார். ஃபபியானு சொல்ல வந்ததற்குச் சிறைக்கூடத்தில் அப்படி ஓடிவர ஒருவரும் இல்லை.